வாசித்ததாகக் கருதப்பட்டது

1

ஓணம் முடிந்து இரண்டு வாரம் ஆனால் பாளையங்கோட்டையிலிருந்து நெல்லையப்பனின் போன் வந்துவிடும். எங்கள் ஊர் வாசகர் வட்டத்தை முப்பது வருடமாகக் கட்டி இழுத்துக்கொண்டிருப்பவன் அவன். ஆண்டு மலருக்கு என்னிடமிருந்து ஒரு பட்டியல் வேண்டும். 'புலம்பெயர்ந்த நம் உறுப்பினர் பரிந்துரைக்கும் பத்து நூல்கள்: நிர்வாகம், பொருளாதாரம், அரசியல் தலைமை' என்று கொட்டை எழுத்தில் போடுவான். பக்கத்துப் பக்கங்களில் டொரன்டோவிலிருந்தும் சிங்கப்பூரிலிருந்தும் எழுதியிருப்பார்கள். நான் திருவனந்தபுரம் கழக்கூட்டத்திலிருந்து. காலையில் ரயில் ஏறினால் மதியச் சாப்பாட்டுக்கு ஊருக்குப் போய்விடலாம்.

"இதெல்லாம் ஒரு புலம்பெயர்வாடே? சிரிக்கப் போறாங்க" என்று ஒருமுறை கேட்டேன்.

"வேற பாஷை, வேற ரேஷன் கார்டு. போதும்லா? நீ லிஸ்ட்ட அனுப்பு" என்றான்.

ஒன்பது வருடம் அனுப்பினேன். இந்த வருடம் பட்டியலுக்குப் பதிலாக இதை அனுப்புகிறேன். அதற்குமுன் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். அந்தத் தொண்ணூறு புத்தகங்களில் நான் கடைசிப் பக்கம் வரை போனவை ஒரு பதினைந்து இருக்கலாம். மற்றவற்றில் சிவப்புப் பேனாவால் அடிக்கோடு போட்டிருப்பேன். எல்லா அடிக்கோடும் மூன்றாம் அத்தியாயத்துக்குள் நின்றுவிடும். அதற்குமேல் முன்னுரையும் பின்னட்டையும் துணை. கம்பெனியில் நான் ஒரு மேனேஜர், என் கீழே நாற்பது பேர். அலமாரியில் இந்தப் புத்தகங்கள் இருப்பது வீடியோ மீட்டிங்கில் பின்னால் தெரியும். அதற்கு அவை நன்றாகவே பயன்பட்டன.

2

நான் இங்கே வந்து இருபத்தோரு வருடம் ஆகிறது. முதல் பதினைந்து நாள் தம்பானூரில் ஒரு லாட்ஜில் கிடந்தேன். ஜன்னலைத் திறந்தால் பஸ் ஸ்டாண்டின் அறிவிப்பு, மூடினால் புழுக்கம். அப்புறம் கழக்கூட்டத்தில் இந்தச் சந்தில் மாடி வீடு ஒன்று வாடகைக்குக் கிடைத்தது. பிறகு இதே சந்தில் சொந்த வீடும் ஆயிற்று.

புலம்பெயர்ந்தவன் என்று நான் முதன்முதலில் உணர்ந்தது காஸ் கனெக்ஷனுக்கு விண்ணப்பம் எழுதும்போது. இந்த ஊர் விண்ணப்பத்தில் பெயருக்கு அடுத்தபடி வீட்டுப் பெயர் என்று ஒரு கட்டம் உண்டு. நம் ஊரில் கடைக்கு உண்டு, பஸ்ஸுக்கு உண்டு, வீட்டுக்கு எதற்குப் பெயர்? கதவு எண்ணை எழுதினேன். குமாஸ்தா திருப்பித் தந்தார். தெருப் பெயரை எழுதினேன். திருப்பித் தந்தார். வீட்டுப் பெயர் இல்லாத மனிதனை அவர் அதுவரை பார்த்ததில்லை போலிருக்கிறது. இருப்பிடத்துக்குச் சான்று என்று சொல்ல என்னிடம் ஒரு துண்டுக் காகிதமும் இல்லை.

அப்போது எங்கள் சந்தின் ரெசிடன்ட்ஸ் அசோசியேஷன் தலைவராக இருந்தவர் ஒரு ரிட்டயர்ட் தாசில்தார். இங்கே சந்துக்குச் சந்து ஒரு அசோசியேஷன் இருக்கும். அதற்குத் தலைவர், செயலாளர், லெட்டர் பேட், ரப்பர் ஸ்டாம்பு எல்லாம் உண்டு. அவர் என்னை ஒரு நிமிடம் ஏற இறங்கப் பார்த்துவிட்டு, லெட்டர் பேடை எடுத்து நாலு வரி எழுதினார். இன்னார் எங்கள் பகுதியில் வசிக்கிறார், எனக்கு நேரில் தெரியும் என்று. உண்மையில் அவருக்கு என்னைத் தெரிந்து அந்த ஒரு நிமிடம்தான் ஆகியிருந்தது. அந்தக் கடிதத்தைக் காட்டித்தான் காஸ் வந்தது, காஸ் பில்லைக் காட்டி ரேஷன் கார்டு வந்தது, ரேஷன் கார்டைக் காட்டி மற்றதெல்லாம் வந்தது. சொந்த வீடு கட்டியதும் முதல் வேலையாக 'பொதிகை' என்று கல்லில் வெட்டிப் பதித்தேன்.

3

போன வருடம் ஓணம் முடிந்த பொதுக்குழுவில் என்னைத் தலைவராகத் தேர்ந்தெடுத்தார்கள். இதுதான் விஷயத்தின் ஆரம்பம்.

எங்கள் சந்தில் அறுபது வீடு, இரண்டு கட்சி. ஒரு கட்சிக்காரர் தலைவரானால் மற்றவர்கள் ஓணப் பூக்களத்துக்குப் பூக்கூட வாங்கித் தரமாட்டார்கள். நான் எந்தப் பக்கமும் இல்லை. செயலாளர் சசிதரன் எழுந்து என் பெயரைச் சொன்னதும் இரண்டு பக்கமும் கை தட்டினார்கள். சசிதரன் அரசாங்க அலுவலகத்தில் சூப்பிரண்டாக இருந்து ஓய்வு பெற்றவர். கோப்பு என்றால் அவருக்கு உயிர். இனி இவர்கள் மலையாளத்தில் சொன்னதை நான் தமிழில் தருகிறேன், 'சாரே' என்பதை மட்டும் அப்படியே விட்டுவிடுகிறேன்.

"சாரே, நீங்க படிச்ச மனுஷன். உங்களை மாதிரி ஒருத்தர் வரணும்னு கமிட்டியில எல்லாருக்கும் ஒரே அபிப்பிராயம்."

நான் நம்பினேன். கம்பெனியில் நாற்பது பேரைக் கட்டி மேய்ப்பவன், நிர்வாகவியல் வாசிப்பவன், ஊர் மலரில் பட்டியல் எழுதுபவன். இவர்களுக்கும் தெரிந்துவிட்டது போலிருக்கிறது என்று நினைத்தேன். ஏற்புரையில் தலைமைப் பண்பின் மூன்று கூறுகள் என்று பத்து நிமிடம் பேசினேன். மூன்றும் ஒரு புத்தகத்தின் முதல் அத்தியாயத்தில் இருப்பவை. நாலாவதும் ஐந்தாவதும் இருந்திருக்கலாம், நான் அதுவரை போகவில்லை.

வீட்டுக்கு வந்து செல்வியிடம் சொன்னேன். என் மனைவிக்கு நாகர்கோவில். புகழ்ச்சி என்றால் அவளுக்கு உடனே சந்தேகம் வரும்.

"ஒங்க புஸ்தகத்தப் பாத்தா தலைவராக்குனாவ?"

"பின்னே?"

"அறுவது வீட்ல ஒருத்தர்கூட ஒங்ககிட்டேருந்து ஒரு புஸ்தகம் வாங்கிட்டுப் போயி நான் பாக்கல்லயே" என்றாள். பொறாமை என்று விட்டுவிட்டேன்.

4

தலைவர் வேலை எனக்குப் பிடித்திருந்தது. ஒவ்வொரு மாதமும் முதல் ஞாயிறு கமிட்டி. பொருள் நிரலை முன்கூட்டியே வாட்ஸ்அப்பில் அனுப்பினேன். ஒரு விஷயத்துக்கு ஐந்து நிமிடம் என்று வரையறுத்தேன். தெருநாய் விஷயம் மட்டும் ஐம்பது நிமிடம் போயிற்று.

மினிட்ஸ் புத்தகம் பற்றிச் சொல்ல வேண்டும். நீளமான ரிஜிஸ்டர், சிவப்புத் துணி முதுகு. கூட்டத்தில் பேசியதை சசிதரன் மறுநாள் தன் வீட்டில் உட்கார்ந்து சேர்த்தெழுத்து மலையாளத்தில் எழுதுவார். அதை யாராவது என் வீட்டில் கொண்டுவந்து வைப்பார்கள். அடுத்த கூட்டம் தொடங்கும்போது அவர் எழுந்து, "கடந்த கூட்ட மினிட்ஸ் வாசித்ததாகக் கருதி அங்கீகரிக்கலாமா?" என்பார். எல்லாரும் தலையாட்டுவார்கள். நான் அதற்கு முன்பே, புத்தகம் வீட்டுக்கு வந்த அன்றே கையெழுத்துப் போட்டிருப்பேன். அன்றே அதன் நகலை அவர் சந்து முனையில் இருக்கும் கண்ணாடி போர்டுக்குள் ஒட்டிப் பூட்டியிருப்பார். அந்த போர்டின் முன்னால் நின்று யாரும் எதையும் வாசித்து நான் பார்த்ததில்லை. பஸ்ஸுக்குக் காத்திருப்பவர்கள் அதன் கண்ணாடியில் தலை வாருவார்கள்.

எனக்கு மலையாளம் பேச வரும். ஆட்டோக்காரரிடம் சண்டை போடும் அளவுக்கு வரும். கடைப் பலகை, சினிமா போஸ்டர் போன்ற அச்செழுத்தைத் தட்டித் தடவி வாசிப்பேன். ஆனால் சசிதரனின் சேர்த்தெழுத்து எனக்கு இடியாப்பம். இருபத்தோரு வருடம் இருந்துவிட்டு, படித்தவர் என்று தலைவராக்கப்பட்டுவிட்டு, வாசிக்கத் தெரியாது என்று எப்படிச் சொல்வது? கையெழுத்தைப் போட்டேன். அதையும் தமிழில் போட்டேன். நான் எங்கே போனாலும் தமிழில்தான் கையெழுத்துப் போடுவேன் என்பதில் எனக்கு ஒரு மிதப்பு உண்டு. பாங்கில்கூட இருமுறை சண்டை போட்டு நிலைநாட்டியிருக்கிறேன். ஐந்து மாதம், ஐந்து கையெழுத்து.

5

மாசி மாதம் ஒரு வெள்ளிக்கிழமை, ஆபீஸில் இருக்கும்போது சசிதரன் கூப்பிட்டார்.

"சாரே, கடைசி வீட்டுக்காரங்ககிட்ட சொல்லியாச்சா?"

"என்ன சொல்லணும்?"

"மினிட்ஸ்ல இருக்கே சாரே. நீங்கதானே ஒப்பிட்டது." ஒப்பு என்றால் இங்கே கையெழுத்து. "மாசக் கடைசிக்குள்ள சொல்லிடுங்க. அடுத்த மாசம் முதல் ஞாயிறு கமிட்டியில ரிப்போர்ட் பண்ணணும்."

சந்தின் கடைசி வீடு ஒரு பழைய ஓட்டு வீடு. சொந்தக்காரர் வளைகுடாவில் இருக்கிறார். அதில் கட்டட வேலை செய்யும் பதினோரு பேர் வாடகைக்கு இருந்தார்கள். எல்லாரும் தமிழர்கள், சங்கரன்கோவில், தென்காசிப் பக்கம். விடிவதற்குமுன் ஒரு மினி லாரி வந்து ஹாரன் அடித்து அவர்களை ஏற்றிக்கொண்டு போகும். அந்த ஹாரனைப் பற்றி முதலில் குறைசொன்னது செல்விதான், அதையும் இங்கே எழுதிவிடுகிறேன். வீட்டு முற்றத்துக் கிணற்றடியில் அவர்கள் கும்பலாக நின்று குளிப்பது எதிர்வீட்டு ரமணி டீச்சரின் மாடி ஜன்னலுக்கு நேரே தெரியும். டீச்சர் அதைத் தை மாதக் கூட்டத்தில் சொன்னார். அவர்களிடம் பேசுவோம் என்று முடித்ததாகத்தான் எனக்கு நினைவு.

வீட்டுக்கு வந்ததும் மினிட்ஸ் புத்தகத்தை எடுத்து என் மகன் கதிரிடம் நீட்டினேன். கதிர் பிளஸ் ஒன் படிக்கிறான். மலையாளம் அவனுக்குத் தண்ணீர் பட்ட பாடு. தமிழ் பேசுவான், ஆனால் தமிழை வாசிப்பது ஓடும் பஸ்ஸின் போர்டை வாசிப்பது மாதிரி. முதல் இரண்டு எழுத்தைப் பார்த்துவிட்டு மிச்சத்தை ஊகிப்பான். இதற்காக நான் அவனை எத்தனையோ முறை சாடியிருக்கிறேன்.

அவன் சாப்பாட்டு மேஜையில் வைத்து சரளமாக வாசித்தான். கடைசி வீட்டில் தங்கியிருக்கும் பிறமாநிலத் தொழிலாளர்களால் குடும்பங்களுக்கு ஏற்படும் சிரமத்தை முன்னிட்டு, அவர்கள் இரண்டு மாதத்துக்குள் வீட்டைக் காலி செய்ய வேண்டும் என்றும், வீட்டுக்காரரின் சம்மதம் தொலைபேசியில் பெறப்பட்டது என்றும், முடிவைத் தலைவர் நேரில் அவர்களுக்குத் தெரிவிப்பார் என்றும் தீர்மானிக்கப்பட்டது.

கீழே என் கையெழுத்து. சு. சுப்பையா. தமிழில்.

"அப்பா, இது வாயிச்சிட்டுதானே ஒப்பிட்டது?" என்றான் கதிர்.

 அவன் பக்கங்களைப் பின்னால் புரட்டினான். இந்தப் பையன் எதையாவது எடுத்தால் முழுக்கப் பார்த்துவிடுவான், அது அவன் அம்மா வழி. ஓரிடத்தில் நிறுத்தினான். நான் தேர்ந்தெடுக்கப்படுவதற்கு ஒரு மாதம் முந்தைய கமிட்டி.

"இதையும் வாயிக்கட்டா?"

"வாசி."

கடைசி வீட்டு விஷயத்தில் அவர்களிடம் பேசுவதற்கு மொழி தெரிந்த ஒருவர் வேண்டும் என்றும், அடுத்த தலைவராக சுப்பையா சாரை முன்மொழிந்தால் அந்தக் காரியம் மனக்கசப்பின்றி முடியும் என்றும் செயலாளர் கருத்துத் தெரிவித்தார். எல்லாரும் ஒப்புக்கொண்டனர்.

எதையும் ஒளித்துச் செய்யவில்லை பாருங்கள். பக்க எண் போட்டு, தேதி போட்டு, எழுதி வைத்திருக்கிறார்கள். ஐந்து மாதமாக அந்தப் புத்தகம் என் வீட்டில், என் தலைமைப் பண்பு நூல்களின் மேலேயே படுத்திருந்தது. எனக்கு வெட்கமாக இருந்தது. அதைவிட, மகன் முன்னால் வெட்கப்பட்டது கூடுதலாக வலித்தது. செல்வி அடுக்களையிலிருந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள். கிண்டல் செய்வாள் என்று எதிர்பார்த்தேன், செய்யவில்லை. ஒரு தட்டில் தோசையைப் போட்டுக் கொண்டுவந்து வைத்தாள்.

6

ஞாயிறு சாயந்திரம் கடைசி வீட்டுக்குப் போனேன். சொல்லிவிட வேண்டும் என்றுதான் போனேன். கையெழுத்துப் போட்டவன் சொல்லித்தானே ஆக வேண்டும்? கசப்பான செய்தியை ஊழியரிடம் சொல்வது எப்படி என்று ஒரு அத்தியாயம் இருக்கிறது. அதை முதல்முறையாக முழுவதும் படித்துவிட்டுப் போனேன்.

பதினோரு பேரும் வீட்டில் இருந்தார்கள். ஞாயிற்றுக்கிழமை பனியனோடு கிடப்பவர்கள், எல்லாரும் சட்டை போட்டு, தலை சீவி, முன்னறையில் பாய் விரித்து உட்கார்ந்திருந்தார்கள். ஒரே ஒரு பிளாஸ்டிக் நாற்காலி காலியாக இருந்தது. அது எனக்கு. மேஸ்திரி முருகேசனுக்கு ஐம்பது வயதிருக்கும். அவர்தான் பேசினார்.

"வாங்க சார், இருங்க. எந்தூரு சார் ஒங்களுக்கு?"

"பாளையங்கோட்டை."

"அப்பொ நம்ம பக்கந்தான். நம்மாளு ஒருத்தரு இங்க தலைவரா இருக்காருன்னு கேள்விப்பட்டதும் எங்களுக்கு எம்புட்டு தெம்பு தெரியுமா?"

டீயும் மிக்சரும் வந்தன. நான் தொண்டையைக் கனைத்தேன். முருகேசன் முந்திக்கொண்டார்.

"சார் வந்தது நல்லதாப் போச்சு. ஒரு ஒதவி வேணும். லேபர் ஆபீஸ்ல எங்களுக்கு ஒரு கார்டு போடணும். இங்கதான் குடியிருக்கோம்னு ஒரு லெட்டர் கேக்காவ. வீட்டுக்காரரு வெளிநாட்டுல இருக்காரு. அசோசியேஷன் தலைவரு லெட்டர் குடுத்தாலும் போதும்னு சொல்லுதாவ. பதினோரு பேரையும் பேர் போட்டு ஒண்ணு எழுதித் தருவீயளா?"

இந்த வீட்டில் நீங்கள் இருக்கக் கூடாது என்று சொல்லப் போனவனிடம், இந்த வீட்டில்தான் இருக்கிறார்கள் என்று எழுதித் தரச் சொல்கிறார்கள். பதினோரு பேரும் என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். எனக்கு அந்தத் தாசில்தாரின் லெட்டர் பேட் ஞாபகம் வந்தது. அவர் என்னிடம் எதையும் கேட்கவில்லை, ஒரு நிமிடம் பார்த்துவிட்டு எழுதித் தந்தார்.

"பாக்கறேன்" என்றேன். டீயைக் குடித்தேன். ஊர்ப்பக்கம் மழை உண்டா என்று கேட்டேன். திரும்பி வந்துவிட்டேன்.

படிக்கட்டில் செல்வி நின்றிருந்தாள். "சொல்லியாச்சா?"

"இல்லை."

"சொல்ல மாட்டேன்னா கமிட்டியில போயி சொல்ல மாட்டேன்னு சொல்லணும். இங்கயும் சொல்லாம அங்கயும் சொல்லாம இருக்கதுக்கா தலைவர்?"

7

கமிட்டிக்கு இன்னும் ஒரு வாரம் இருந்தது. ராஜினாமாக் கடிதம் ஒன்றை எழுதிக் கிழித்தேன். நான் போனால் என்ன, அடுத்தவர் போய் மலையாளத்திலேயே சொல்லிவிடுவார். தீர்மானம் அங்கேயேதான் இருக்கும். என் கையெழுத்தும் அதன் கீழேதான் இருக்கும்.

அப்புறம் கதிரைக் கூப்பிட்டு, அந்தத் தீர்மானத்தை எனக்கு வாசிக்கச் சொல்லிக் கொடு என்றேன். தினமும் ஆபீஸ் விட்டு வந்ததும் அரை மணி நேரம். எழுத்தின் எந்தச் சுழி எதோடு ஒட்டிக்கொள்கிறது என்று அவன் நோட்டில் எழுதிக் காட்டினான். நான் ஊகித்து வாசித்தபோதெல்லாம், "அப்பா, ஊகிக்கண்டா. எழுத்தைப் பாருங்க" என்றான். அது நான் அவனுக்கு ஆயிரம் முறை சொன்னது. அவன் முகத்தில் சிரிப்பில்லை. கண்ணில் கொஞ்சம் இருந்தது.

கமிட்டி கூடியது. வந்திருந்தவர்கள் பதினாலு பேர். சசிதரன் வழக்கம்போல எழுந்தார்.

"கடந்த கூட்ட மினிட்ஸ், வாசித்ததாகக் கருதி..."

"கருத வேண்டாம், வாசிப்போம்" என்றேன்.

"அது வழக்கமில்லையே சாரே."

"விதியில் என்ன இருக்கு?"

விதி என்றதும் அவர் யோசித்தார். விதிக்கு முன்னால் சசிதரன் நேர்மையானவர். "விதிப்படி வாசிக்கணும்" என்று ஒப்புக்கொண்டார். "கொடுங்க, நான் வாசிக்கிறேன்."

"இல்லை, கையெழுத்துப் போட்டவன் நான். நானே வாசிக்கிறேன்."

வாசித்தேன். ஒரு வாரப் பயிற்சிக்கு அது ரொம்பவே பெரிய தீர்மானம். ஒவ்வொரு சொல்லாக விரலை வைத்துக்கொண்டு போனேன். இரண்டு இடத்தில் திக்கி நின்றேன். ஒரு இடத்தில் பக்கத்தில் இருந்தவர் எட்டிப் பார்த்து அந்தச் சொல்லை எடுத்துக் கொடுத்தார். தலைவருக்கு வாசிக்கத் தெரியாது என்பது இரண்டாவது வரியிலேயே எல்லாருக்கும் தெரிந்துவிட்டது. காது மடல் சூடாகிவிட்டது எனக்கு. ஆனால் மெதுவாக வாசித்ததில் ஒரு லாபம் இருந்தது. ஒரு சொல்லும் யார் காதிலும் விழாமல் போகவில்லை.

'காலி செய்ய வேண்டும்' என்ற இடத்தில் ரமணி டீச்சர் கையைத் தூக்கினார்.

"நில்லுங்க சாரே. காலி செய்யணும்னு யார் சொன்னது?"

"டீச்சர் சொன்ன புகார்தானே அது" என்றார் சசிதரன்.

"நான் சொன்னது கிணற்றடிக்கு ஒரு மறைப்பு வேணும்னு. ஜன்னலைத் திறக்க முடியலைன்னு. வீட்டை விட்டுத் துரத்தணும்னு நான் எப்போ சொன்னேன்?"

"கூட்டத்தின் பொதுவான அபிப்பிராயத்தைத்தான் எழுதினேன். ஒரு மாசமா போர்டில் இருக்கு. யாரும் ஆட்சேபிக்கலையே."

"யார் அதை வாசிச்சா?"

பதினாலு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அவர்கள் எல்லாருக்கும் மலையாளம் வாசிக்கத் தெரியும். எனக்காவது ஒரு சாக்கு இருந்தது.

நான் என் மூன்று கூறுகளில் எதையும் சொல்லவில்லை. "இதை வாசிக்காமல் கையெழுத்துப் போட்டேன், என் தப்பு. இதை அவர்களிடம் போய் நான் சொல்ல மாட்டேன். இந்த வேலைக்காகத்தான் என்னைத் தலைவராக்கினீர்கள் என்பதையும் இந்த வாரம்தான் இதே புத்தகத்தில் வாசித்தேன்" என்று மட்டும் சொன்னேன். சசிதரன் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், ரொம்ப நேரம் துடைத்தார்.

கையெழுத்தை ரத்து செய்ய விதியில் இடமில்லையாம். புதுத் தீர்மானம்தான் போட வேண்டுமாம். போட்டார்கள். ஒன்பது பேர் ஆதரவு, மூன்று பேர் எதிர்ப்பு, இரண்டு பேர் டீ குடிக்கப் போயிருந்தார்கள். கிணற்றடிக்கு ஆள் உயரத்துக்கு ஒரு மறைப்பு. லாரி சந்து முனையிலேயே நிற்க வேண்டும், ஹாரன் கூடாது. காலி செய்யும் தீர்மானம் கைவிடப்பட்டது. சசிதரன் மறுநாள் அதையும் அழகாக எழுதிக்கொண்டு வந்தார். நான் வாசித்து முடிக்கும்வரை காத்திருந்து, கையெழுத்து வாங்கிக்கொண்டு போனார்.

8

மறைப்பைக் கட்ட அவர்களுக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை போதுமாக இருந்தது. கொத்தனார்கள் அல்லவா. அன்று சாயந்திரம் கடிதத்தைக் கொடுக்கப் போனேன். லெட்டர் பேடில் என் கையாலேயே மலையாளத்தில் எழுதியது. அதற்கு எனக்கு இரண்டு சாயந்திரம் ஆயிற்று. கதிர் சுழிகளைத் திருத்தினான்.

முருகேசன் ஈரக்கையை வேட்டியில் துடைத்துவிட்டு வாங்கினார். நான் வாசித்துக் காட்டலாம் என்று பக்கத்தில் குனிந்தேன். அவர் கண் அதற்குள் வரிகளில் ஓடிக்கொண்டிருந்தது.

"எல்லாம் சரியா இருக்கு சார். வீட்டுப் பேரு மட்டும் விட்டுப்போச்சு. அது இல்லாம இங்க எந்த ஆபீஸ்லயும் வாங்க மாட்டாவ."

"உங்களுக்கு மலையாளம் வாசிக்கத் தெரியுமா?"

"பத்தொம்பது வருசமா இங்க கெடக்கேன். போர்டு வாசிக்காம பஸ்ஸேற முடியுமா சார்?"

போர்டு என்ற சொல்லோடு அவர் நிறுத்திக்கொண்டார். பின்னால் இருந்தவர்கள் பேச்சை நிறுத்தினார்கள். எனக்கு மெல்ல உறைத்தது.

"சந்து முனை போர்டையும் வாசிச்சீங்களா?"

"ஒட்டுன அன்னைக்கே வாசிச்சுட்டோம் சார்."

"அப்போ அன்னைக்கு நான் எதுக்கு வந்தேன்னு..."

"தெரியும்."

"தெரிஞ்சுமா எனக்கு டீ குடுத்தீங்க?"

முருகேசன் பின்னால் இருந்தவர்களைத் திரும்பிப் பார்த்தார். அப்புறம் சொன்னார்.

"முந்துன வாரமே பதினோரு பேரும் உக்காந்து பேசி வச்சிருந்தோம். நீங்க என்னைக்கு வந்தாலும் எல்லாரும் சட்ட போட்டு இருக்கணும். ஒரு ஆளுதான் பேசணும். நீங்க சொல்லுததுக்கு முன்னால நாங்க கேட்டுரணும். நீங்க சொல்லிட்டியன்னா பெறகு எங்களுக்குக் கேக்க வாயி வராது. நாங்க கேட்டுட்டா ஒங்களுக்குச் சொல்ல வாயி வராது."

"அது எப்படி உங்களுக்கு அவ்வளவு நிச்சயம்? நான் சொல்லியிருந்தால்?"

"நிச்சயம்லாம் இல்ல சார். மூட்டையும் கட்டித்தான் வச்சிருந்தோம். ஆனா பூரா மலையாளத்துல எழுதியிருக்க கடுதாசில, கீழ ஒங்க கையெழுத்து மட்டும் தமிழ்ல இருந்துச்சி. இத்தன வருசம் இங்க இருந்தும் தமிழ்ல கையெழுத்துப் போடுத ஆளு, தமிழ்ல ஒண்ணு கேட்டா இல்லன்னு சொல்ல மாட்டாருன்னு நெனச்சோம்."

 நெல்லையப்பா, நீ கேட்ட பட்டியலில் எழுத என்னிடம் இருப்பது இவ்வளவுதான். சிவப்புத் துணி முதுகுள்ள ஒரு மினிட்ஸ் புத்தகம், சந்து முனையில் ஒரு கண்ணாடி போர்டு. இரண்டையும் கடைசிப் பக்கம் வரை வாசித்துவிட்டேன்.

கடிதத்தைத் திரும்ப வாங்கி, வீட்டுப் பெயர் என்ன என்று கேட்டேன். முருகேசன் சொல்லச் சொல்ல எழுதினேன். சொந்தக்காரரின் தாயார் பெயராம், கொஞ்சம் நீளமானது. முழுவதையும் ஒருமுறை எழுத்துக்கூட்டி வாசித்தேன். பதினோரு பெயரையும் வாசித்தேன். பிறகு கையெழுத்துப் போட்டேன்.